விருந்தாளியும் தோட்டத்து ரொட்டியும்

ஊர் பார்க்க வருகிறவன் முன்னெல்லாம் கோயிலைப் பார்த்தான், கோட்டையைப் பார்த்தான், அருவியைப் பார்த்தான். பார்த்துவிட்டுத் தன் விடுதிக்குத் திரும்பித் தனக்குப் பழகிய உணவையே உண்டான். இன்றைய உல்லாசப் பிரயாணி அவ்வாறில்லை. ஓர் ஊரை நாவினாலும் அறியவேண்டும் என்னும் ஆவல் அவனுக்கு உண்டாகியிருக்கிறது. ஜப்பானுக்குச் சென்று வந்தவர்கள் இதனை நன்கு அறிவர். டோக்கியோவிலும் ஒசாக்காவிலும் பொழுது சாய்ந்ததும் ஆறு பேர், எட்டுப் பேர் கொண்ட சிறு குழுக்கள் வழிகாட்டி ஒருவரின் பின்னே புறப்படும். பெருந்தெருவை விட்டு விலகி, இரண்டு பேர் எதிரெதிரே வந்தால் தோள் உரசும் சந்துகளில் நுழைந்து, பத்துப் பேருக்கு மேல் இடங்கொள்ளாத கடைகளிலே அமர்ந்து, உள்ளூரார் உண்பதை உள்ளூராரோடு உண்டு திரும்புவார்கள். அரண்மனை விருந்து எதுவும் அங்கே பரிமாறப்படுவதில்லை. தொழிலாளி வேலை முடிந்து வீடு திரும்பும் வழியிலே வயிற்றுக்கு இடும் பண்டமே அங்குள்ள விருந்து.

இந்த வழக்கம் நமது மலைநாட்டுக்கும் வந்துவிட்டது. நல்லதுதான் என்பதே என் அபிப்பிராயம். ஆனால், எதைக் காட்டுகிறோம், எதை மறைக்கிறோம் என்பது சற்று நின்று யோசிக்க வேண்டிய விஷயம்.

மலைநாட்டுப் பட்டணமொன்றிலே அத்தகைய மாலை உலா ஒன்றில் அண்மையிலே நானும் கலந்துகொண்டேன். வெளிநாட்டார் அறுவர், உள்ளூரான் நான் ஒருவன். நான் கொடுத்த கட்டணம் கொழுந்து பறிக்கும் பெண் ஒருத்தியின் பல நாட் சம்பளத்துக்குச் சமம் என்பதை இங்கே குறித்துவைக்கிறேன். பின்னால் அது வேண்டியிருக்கும். முதலில், ஆங்கிலப் பாணியில் அமைந்த பழைய மாளிகை ஒன்றிலே அடுக்குத் தட்டில் கேக்கும், வெள்ளரிக்காய் வைத்த சாண்ட்விச்சும், வெள்ளிக் கேத்தலில் தேநீரும் கிடைத்தன. பின்னர் ஒரு கடையிலே அப்பமும் கட்டச்சம்பலும், வேறொரு கடையிலே இரும்புத் தகட்டின்மேல் தாளம் போட்டுக் கொத்திய கொத்து ரொட்டி, இறுதியில் ஸ்ட்ரோபெரி. ஒன்றையும் குறை சொல்வதற்கில்லை. வயிறும் நிறைந்தது. எனினும், அந்தப் பட்டணத்தைச் சுற்றி எத்திசை நோக்கினும் தெரியும் தேயிலை மலைகளில் வாழ்கிறவர்கள் என்ன உண்கிறார்கள் என்பதற்கு அந்த மூன்று மணி நேரத்திலே ஒரு கவளமேனும் சான்று கிடைக்கவில்லை.

வழிகாட்டியாக வந்தவர் ஓர் இளைஞர். இனிய பேச்சு, நல்ல ஆங்கிலம், தெளிந்த சிங்களம். பேச்சுவாக்கிலே அவரும் தோட்டத்துப் பிள்ளைதான் என்பது தெரியவந்தது. தாயார் கொழுந்து பறித்தவர். "தம்பி, நம்முடைய ரொட்டியை ஏன் இவர்களுக்குக் காட்டவில்லை?" என்று கேட்டேன். அவர் சிறிது கூச்சத்தோடு சிரித்தார். "அது சாப்பாடா சேர்? அது வயித்தை நிரப்புறதுக்குச் செய்யிறது. காசு குடுத்து வந்தவங்களுக்கு அதைக் குடுக்கலாமா?" என்றார்.

அந்த மறுமொழியை நான் அலட்சியம் செய்ய விரும்பவில்லை. வறுமையின் உணவை விருந்தென்று சொல்லி முன்வைக்க அவர் நா கூசியது. அக்கூச்சத்திலே ஒரு நேர்மை இருக்கிறது. ஆனால் அதே கூச்சத்தினுள்ளே, நமது மக்கள் இருநூறு ஆண்டுகளாகத் தங்கள் அடுப்படியிலே செய்துவந்தது எதுவும் பிறர் அறியத் தக்கதன்று என்னும் எண்ணமும் ஒளிந்திருக்கிறது. முன்னதை மதிக்கிறேன், பின்னதை ஏற்க மாட்டேன்.

இவ்விடத்திலே ஜப்பானியரைச் சற்று நினைத்துப் பார்ப்போம். ஒசாக்காவுக்கும் ஹிரோஷிமாவுக்கும் பெருமை சேர்க்கும் பண்டம் ஒகொனொமியாக்கி என்பது. 'விரும்பியதை இட்டுச் சுடுவது' என்று அச்சொல்லுக்குப் பொருள் கூறலாம். கோதுமை மாவைக் கரைத்து, கோவாவை அரிந்து போட்டு, கையில் அகப்பட்ட முட்டையோ மீனோ இறைச்சியோ சேர்த்து, இரும்புத் தகட்டிலே சுட்டெடுக்கும் ஒருவகை அடை. அதன் முன்னோடிப் பண்டம் யுத்தத்துக்கு முன்பே சிறுவர் வாங்கித் தின்னும் மலிவான தீனியாக இருந்தது. அது முழு உணவாக வளர்ந்தது 1945க்குப் பின்னர். அரிசி அருமையாகிவிட்டது; அமெரிக்க மாவு வந்தது; அணுகுண்டினால் அழிந்த ஹிரோஷிமாவிலே தெருவோரத் தள்ளுகடைகளில் இரும்புத் தகட்டைச் சூடாக்கி அந்த அடையைச் சுட்டு விற்றார்கள். கணவரை யுத்தத்திற் பறிகொடுத்த பெண்கள் பலர் வீட்டின் முன்னறையையே கடையாக்கிப் பிழைத்தனர் என்பர். இன்று அந்நகரிலே 'ஒகொனொமிமுரா' என்று பெயரிட்டு, பல மாடிகளிலும் இத்தகைய கடைகளே நிறைந்த கட்டடம் ஒன்று நிற்கிறது. உலகத்தார் தேடிச் சென்று உண்கிறார்கள். டோக்கியோவின் ஷிஞ்சுக்கு ரயில் நிலையத்தருகே 'நினைவுச் சந்து' எனப் பொருள்படும் ஒமோயிதே யொக்கோச்சோவும் யுத்தம் முடிந்த காலத்துக் கள்ளச்சந்தையிலிருந்து வளர்ந்ததுதான். கட்டுப்பாட்டுக்கு உட்படாத குடலையும் ஈரலையும் சுட்டு விற்றுப் பசியாற்றிய இடம் அது. அங்கேதான் இன்று மாலை உலாக் குழுக்கள் முண்டியடிக்கின்றன. பஞ்சத்திலே பிறந்த உணவு என்பதனை அவர்கள் மறைக்கவில்லை. வழிகாட்டி முதலிற் சொல்லும் கதையே அதுதான்.

நம்முடைய ரொட்டியின் கதை என்ன?

தோட்டத்துக்கு வந்த நம் முன்னோர் கோதுமை உண்ட மக்கள் அல்லர். திருச்சிராப்பள்ளி, சேலம், மதுரை, புதுக்கோட்டை, இராமநாதபுரம் முதலிய சீமைகளிலிருந்து வந்தவர்களுக்குச் சோறும் கூழும் கேழ்வரகுமே உணவு. 1820களிலே கோப்பிக் காலத்திலும், கோப்பி நோயால் அழிந்தபின் 1867இல் ஜேம்ஸ் டெய்லர் லூல்கந்துரையிலே தொடக்கிவைத்த தேயிலை பரவிய காலத்திலும், தோட்ட நிருவாகம் அரிசியை அளந்து போட்டுச் சம்பளத்திலே கணக்குப் பிடித்துக்கொண்டது. தொழிலாளி தன் உணவைச் சந்தையிலே தெரிந்தெடுக்கவில்லை. துரை போட்ட அரிசியே அவன் அரிசி. 1927ஆம் ஆண்டுக் குறைந்தபட்சக் கூலிச் சட்டம் வந்தபோது, கூலியைப் பற்றிய ஏற்பாட்டோடு அரிசியின் விலையைப் பற்றிய ஏற்பாடும் சேர்ந்தே வந்தது என்பதிலிருந்து, அரிசி அங்கே எத்துணைப் பெரிய விஷயமாய் இருந்தது என்பதை ஊகிக்கலாம்.

அந்த அரிசியிற் பெரும்பகுதி கடல் கடந்து பர்மாவிலிருந்து வந்தது. 1942 மார்ச்சு மாதத்திலே ஜப்பானியப் படை இரங்கூனைக் கைப்பற்றியதும் அவ்வழி அடைபட்டது. அடுத்த மாதமே கொழும்பிலும் திருகோணமலையிலும் ஜப்பானிய விமானங்கள் குண்டு வீசின. இலங்கையெங்கும் அரிசிப் பங்கீடு வந்தது; அரிசியின் குறையை ஈடுசெய்யக் கோதுமை மாவு வந்தது. சரித்திரத்தின் விளையாட்டைப் பாருங்கள்: ஒசாக்காவின் அடையையும் ஹட்டன் லயத்து ரொட்டியையும் வளர்த்துவிட்டது ஒரே யுத்தம். அங்கே தோல்வியும் இங்கே பங்கீடும், இரு நாட்டு ஏழைகளின் அடுப்பிலும் மாவை ஏற்றிவைத்தன. கோவாவுக்கும் இங்கே குறைவில்லை. சாமுவேல் பேக்கர் நுவரெலியாவிற் குடியேறி ஐரோப்பிய மரக்கறி பயிரிட்ட காலம் முதல் அது நம் மலைகளிலே விளைகிறது. மாவும் கோவாவும் இரும்புத் தகடும் இரு நாட்டுக்கும் பொது. ஒரு நாடு கடை போட்டது, மற்றது கூச்சப்பட்டது.

மாவு யுத்தத்தோடு போய்விடவில்லை. 1948ஆம் ஆண்டின் குடியுரிமைச் சட்டத்தினால் நாடற்றவர்களாக்கப்பட்ட மக்கள், 1973, 74ஆம் ஆண்டுகளின் பஞ்சத்திலே அதன் முழுக் கொடுமையையும் கண்டார்கள். பங்கீடு குறைந்தது, சொந்த வயலோ வளவோ இல்லாத தோட்டத் தொழிலாளிக்கு அதனை ஈடுசெய்ய ஒரு கைப்பிடி நிலமும் இருக்கவில்லை. தோட்டங்களில் மரண விகிதம் செங்குத்தாக ஏறியது. அந்நாட்களில் மாவு கிடைத்த வீட்டில் அடுப்பு எரிந்தது. முதியோர் சிலர் இன்றும் ரொட்டி மாவு பிசையும்போது கீழே சிந்தியதைக் கூட்டி எடுப்பதை நான் கண்டிருக்கிறேன். அது சிக்கனம் என்று நினைப்பவர்கள் அந்த ஆண்டுகளை அறியாதவர்கள்.

ரொட்டியின் செய்முறையிலே பெரிய சூத்திரம் ஒன்றுமில்லை. மாவு, உப்பு, துருவிய தேங்காய், தண்ணீர். தேங்காய் விலையேறிய மாதத்திலே தேங்காய் இல்லாமலும் நடக்கும். உள்ளங்கையிலே தட்டி, தடிப்பாக, விறகடுப்பின்மேல் ரொட்டிக்கல்லிலே இரு புறமும் சுடுவார்கள். தொட்டுக்கொள்ளச் செத்தல் மிளகாயும் வெங்காயமும் உப்பும் அம்மியில் அரைத்த சம்பல். நெத்தலிக் கருவாடு இருந்தால் அன்று விசேஷம். ஆனால் இந்த எளிமைக்குள்ளே ஒரு தொழில் அறிவு இருக்கிறது. விடியுமுன் எழுந்து, பிள்ளையைப் பிள்ளைக் காம்பராவில் விட்டு, பெரட்டுக்குப் போய் நிற்க வேண்டிய பெண்ணுக்குச் சோறும் கறியும் சமைத்துக் கட்ட நேரமில்லை. ரொட்டி சிந்தாது, கெடாது, தட்டு வேண்டாம், துணியிலே சுற்றி மலைக்குக் கொண்டுபோகலாம், அட்டைக் கடிக்கும் தூறலுக்கும் நடுவிலே நின்றபடியே தின்னலாம், தின்றால் நெடுநேரம் பசி தாங்கும். வேலையின் கடுமை எதுவோ அதுவே இந்த உணவின் வடிவத்தையும் வகுத்தது. ஜப்பானிய மீனவனின் உணவையும் சுரங்கத் தொழிலாளியின் உணவையும் இவ்வாறு விளக்கிக் கூறினால் வியந்து கேட்கிற நாம், நம் தாய்மாரின் உணவிலே இந்த அறிவைக் காணத் தவறிவிட்டோம்.

தேநீரின் சங்கதி இன்னும் வேடிக்கையானது. தொழிற்சாலையைப் பார்வையிட வருகிறவர்க்கு வரிசையாகக் கிண்ணங்களை வைத்து, இது ஒரேஞ் பெக்கோ, இது புரோக்கன், இது வெள்ளை மொட்டு என்று சுவைக்கக் கொடுக்கிறார்கள். 1883இல் தொடங்கிய கொழும்பு ஏலத்துக்கு ஏறிப் போகும் சரக்கு அது. பறித்தவள் வீட்டிலே கொதிப்பது தூள். அந்தத் தூளைச் சாயம் இறங்கக் காய்ச்சி, உள்ளங்கையிலே கொஞ்சம் சீனியை வைத்து நக்கிக்கொண்டு குடிக்கும் வெறுந்தேத்தண்ணிக்கு ஒரு தனிச் சுவை உண்டு. தேயிலையின் சுவையை அறிந்தேன் என்று சொல்லிக்கொள்பவர் இந்தக் கிண்ணத்தையும் அறிந்திருக்க வேண்டாமா? சுவைபார்க்கும் மேசையிலே அதற்கு இடமில்லை.

இவ்வளவும் சொன்னபின், அவ்விளைஞரின் பக்கத்து நியாயத்தையும் சொல்லியாக வேண்டும். ரொட்டியைப் புகழ்வது எளிது. நாள்தோறும் அதனையே உண்பது எளிதன்று. 2016ஆம் ஆண்டின் குடித்தொகை, சுகாதார மதிப்பாய்வின்படி, வயதுக்கேற்ற உயரமின்றி வளர்ச்சி குன்றிய ஐந்து வயதுக்குட்பட்ட பிள்ளைகள் நாடு முழுவதிலும் நூற்றுக்குப் பதினேழு பேர். தோட்டப் பகுதியிலோ நூற்றுக்கு முப்பத்திரண்டு பேர். மாவும் மிளகாயும் சீனித் தேத்தண்ணியும் பிள்ளையை வளர்க்கமாட்டா. இந்த எண்ணிக்கையை மறந்துவிட்டு, "ஆகா, என்ன எளிமை! என்ன சுவை!" என்று விருந்தாளி வியக்க, நாமும் கூடத் தலையாட்டுவோமாயின் அது பாவம். ஹிரோஷிமாக்காரர் தம் பஞ்சகாலத்து உணவைப் பெருமையோடு பரிமாறுவதற்கு ஒரு காரணம், அவர்கள் பஞ்சத்தைக் கடந்துவிட்டார்கள் என்பது. நாம் முழுவதும் கடக்கவில்லை. ஆகவே ஜப்பானிய ஏற்பாட்டை அப்படியே இங்கே பெயர்த்து நடுவது பொருந்தாது.

அதிலும், விருந்தாளிகளை நேரே லயத்துக்கு அழைத்துச் செல்லும் யோசனை சிலரிடம் இருக்கிறது. அதனை நான் வன்மையாக எதிர்க்கிறேன். மாலை உலா நடப்பது எந்நேரம்? கொழுந்து மடுவத்திலே கடைசி நிறுவை முடிந்து, கூடையை இறக்கிவிட்டு, ஈரச் சேலையோடு வீடு வந்து, தண்ணீர் பிடித்து, விறகு பிளந்து, அடுப்பை மூட்டும் நேரம் அது. ஆண்கள் திண்ணையிலே இளைப்பாறும் நேரத்தில் பெண்ணுக்கு இரண்டாவது வேலை தொடங்குகிறது. அந்த நேரத்திலே ஆறு அந்நியர் புகைப்படக் கருவியோடு காம்பராவின் வாசலிலே வந்து நின்றால், அவள் மறுக்கமாட்டாள். நம் மக்கள் வந்தவரைப் போவென்று சொல்லி அறியாதவர்கள். இருக்கும் ஒரே நாற்காலியைத் துடைத்துப் போடுவாள். பிள்ளைக்கு வைத்த ரொட்டியை எடுத்துக் கொடுப்பாள். காசு கொடுத்தால் வாங்கக் கூசுவாள். கட்டணம் முழுவதும் ஏற்பாட்டாளரின் பையிலே இருக்கும். இது விருந்தோம்பல் அன்று. விருந்தோம்பும் குணத்தைச் சுரண்டுவது. 2024ஆம் ஆண்டு வர்த்தமானியில் வெளியான அடிப்படை நாட்சம்பளம் 1,350 ரூபாய். மேலே கட்டணத்தைக் குறித்துவைத்தது இதற்காகத்தான்.

நான் வேண்டுவது வேறு. பட்டணத்திலே, கடைத்தெருவிலே, விலைப்பலகை தொங்கும் கடையாக அது இருக்க வேண்டும். மலை வேலையிலிருந்து ஓய்வுபெற்ற பெண்கள் எத்தனையோ பேர் கையிலே தொழிலோடும் பையிலே காசின்றியும் இருக்கிறார்கள். ரொட்டிக்கல்லின் முன்னே அவர்கள் முதலாளிகளாக அமரட்டும். பலகையிலே மூன்று மொழியிலும் 'தோட்டத்து ரொட்டி' என்றே எழுதட்டும். 'இலங்கைத் தட்டை ரொட்டி' என்னும் பொதுப்பெயர் வேண்டாம். பெயரிலே என்ன இருக்கிறது என்று கேட்பவர்க்கு ஓர் உதாரணம்: காலஞ்சென்ற ஜோசப் தாம் வாழ்ந்த தோட்டத்தின் பெயரைத் தம் பெயரின் முன்னே வைத்துக்கொண்டு 'தெளிவத்தை ஜோசப்' என்று எழுதினார். தோட்டத்தின் பெயரைச் சொல்லக் கூசிய ஒரு தலைமுறைக்கு அந்தப் பெயர் எத்தனை தெம்பூட்டியது என்பதை ஆசிரியர்களாகிய நாங்கள் வகுப்பறையிலே கண்டோம்.

வழிகாட்டியும் 1942ஐயும் 1948ஐயும் 1974ஐயும் சொல்லத் தெரிந்தவராய் இருக்க வேண்டும். விருந்தாளியின் பசி கெட்டுவிடும் என்று அஞ்ச வேண்டியதில்லை. பசியின் கதையைக் கேட்டுக்கொண்டே உண்பவன் அதிகமாக மென்று உண்கிறான் என்பது என் அனுபவம்!

மாணவர்க்கு இதிலே ஒரு வேலை இருக்கிறது. மடக்கும்புரத் தோட்டத்திலே பிறந்து 1947இலே தலவாக்கலைத் தொகுதியின் பிரதிநிதியாய்ப் பாராளுமன்றம் சென்ற சி. வி. வேலுப்பிள்ளை, மலைநாட்டு மக்களின் வாய்மொழிப் பாடல்களைத் தேடித் தொகுத்து வைத்தார். இல்லையேல் பெரும்பாலானவை பாடியவர்களோடு போயிருக்கும். உணவுக்கு அத்தகைய தொகுப்பு வேண்டும். ரொட்டி மட்டுமன்று. தேயிலைச் செடிகளுக்கிடையிலே முளைக்கும் எந்தக் கீரையைப் பறித்தார்கள், எதனைத் தவிர்த்தார்கள், பிள்ளை பெற்றவளுக்கு என்ன பத்தியம் கொடுத்தார்கள், தீபாவளி முற்பணம் கைக்கு வந்ததும் முதலிலே என்ன வாங்கினார்கள், ஊரிலிருந்து கொண்டுவந்த பண்டங்களுள் எது இந்தக் குளிரிலே நிலைத்தது, எது மறைந்தது – இவையெல்லாம் பாட்டிமாரின் நினைவிலே மட்டும் இருக்கின்றன. 2023ஆம் ஆண்டிலே மலையக மக்களின் இருநூறு ஆண்டு வரலாற்றை நினைவுகூர்ந்து தலைமன்னாரிலிருந்து மாத்தளை வரை நடந்தவர்கள், முன்னோர் நடந்த வழியைக் காலால் அளந்தார்கள். அவ்வழியிலே அவர்கள் மூட்டையிற் கட்டிக்கொண்டு நடந்தது என்ன என்பதை எழுதிவைத்தவர் சிலரே. ஒரு பாடசாலையிலே ஒரு வகுப்பு, ஒரு தவணைக்கு ஒரு நோட்டுப் புத்தகம் என்று தொடங்கினாற்கூடப் போதும். அச்சிடுவது பிறகு ஆகட்டும்.

நுவரெலியாவிலே ஏப்ரல் வசந்தகாலம் வரும்போது கிரகரி வாவிக்கரை எங்கும் கடைகள் முளைக்கின்றன. ஐஸ்கிரீம், சோளம், குதிரைச் சவாரி, கொத்து ரொட்டி எல்லாம் உண்டு. அவற்றின் நடுவே நான்கு பெண்களும் ஒரு விறகடுப்பும் ஒரு ரொட்டிக்கல்லும் கொள்ளும் அளவுக்கு ஓரிடம், வாடகையிலே சிறிது சலுகையோடு, மாநகர சபையார் ஒதுக்கினால் போதுமானது. கல் நன்றாகக் காய அரை மணி நேரம் பிடிக்கும். மாலை நாலரைக்கு அடுப்பை மூட்டினால் ஐந்து மணிக்கு முதல் ரொட்டியை எடுக்கலாம்.